"என் பேருக்கு என்ன அர்த்தம், டீச்சர்?" – பெயர்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பள்ளியில் 26 வருடம் தமிழ் சொல்லிக்கொடுத்தேன். ஜூன் மாதம் புது வருகைப் பதிவேட்டில் பெயர் எழுத ஆரம்பித்ததுமே பிள்ளைகள் மேஜையைச் சுற்றி நின்றுகொண்டு, தங்கள் பெயருக்கு அர்த்தம் கேட்பார்கள். ஓய்வுபெற்ற பிறகும் கேள்விகள் நிற்கவில்லை. உறவில் குழந்தை பிறந்தால் போன் வரும், யாராவது பாஸ்போர்ட் எடுக்கப் போனாலும் போன் வரும். அடிக்கடி கேட்டவற்றை, கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே எழுதி, பதிலும் சேர்த்திருக்கிறேன். வேறு நாட்டுப் பெயர்களும் நிறைய வரும். அந்த ஊர் வழக்கங்களோடு சேர்த்துப் பார்த்த பிறகுதான் நம் வழக்கமே எனக்கு ஒழுங்காகப் புரிந்தது.

"டீச்சர், என் பேருக்கு என்ன அர்த்தம்?"

இதற்கு நான் எப்போதும் ஒரு கேள்வியைத் திருப்பிக் கேட்பேன்: "உனக்கு இந்தப் பெயரை வைத்தது யார்?" பெயருக்குள் இருக்கும் சொல்லுக்கு ஓர் அர்த்தம் உண்டு, அதை அகராதியில் பார்த்துக்கொள்ளலாம். அந்தப் பெயரை அந்த வீட்டில் ஏன் வைத்தார்கள் என்பது வேறு சங்கதி. அது அகராதியில் கிடைக்காது, பாட்டியிடம்தான் கிடைக்கும்.

ஆரோக்கியமேரி என்று ஒரு பெண் என்னிடம் படித்தாள். ஆரோக்கியம் என்றால் உடல்நலம் என்று எல்லோருக்கும் தெரியும். ஆனால் வேளாங்கண்ணி மாதாவுக்கு ஆரோக்கிய மாதா என்று பெயர் இருப்பதும், பிள்ளை வேண்டி அவள் அம்மா அங்கே நேர்ந்துகொண்டதும் தெரிந்தால்தான் அந்தப் பெயர் முழுதாகப் புரியும்.

"எல்லாப் பேருக்கும் அர்த்தம் இருந்தே ஆகணுமா?"

ஏதோ ஒரு காலத்தில் ஏதோ ஒரு மொழியில் அது சொல்லாக இருந்திருக்கும். ஆனால் பெயர் என்றால் புகழ்ச்சியாகத்தான் இருக்க வேண்டும் என்று எல்லா ஊரிலும் நினைப்பதில்லை. கானா நாட்டின் அக்கான் மக்கள் பிறந்த கிழமையையே பெயராக வைப்பார்கள். ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னான் வெள்ளிக்கிழமை பிறந்தவர், கோஃபி என்றாலே அதுதான். அவருடைய நடுப்பெயர் அட்டா, அதாவது இரட்டையரில் ஒருவர். கானாவின் முதல் அதிபர் குவாமே நிக்ருமா சனிக்கிழமைப் பிள்ளை. நாம் சனிக்கிழமையைப் பெயரில் வைப்போமா?

பாலித் தீவில் பிறந்த வரிசைதான் பெயர். முதல் பிள்ளை வயான், அடுத்து மாடே, நியோமான், கெதுட். ஐந்தாவது பிறந்தால் மறுபடியும் வயான். ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றேதான். ஒரு தெருவில் இருபது வயான் இருந்தாலும் அவர்களுக்குக் குழப்பமில்லை. கூடவே சொந்தமாக இன்னொரு பெயரும் இருக்கும்.

"நட்சத்திர எழுத்துல நல்ல தமிழ்ப் பேரு கிடைக்கவே மாட்டேங்குதே, ஏன்?"

போன வருடம் என் நாத்தனார் மகள் போன் செய்து, "அத்தை, பரணி நட்சத்திரம், 'லி, லு, லே, லோ'ன்னு எழுதிக் கொடுத்திருக்காங்க. தூய தமிழ்ப் பேரா சொல்லுங்க" என்றாள். கிடைக்காது. தமிழில் ல என்னும் எழுத்து சொல்லின் முதலில் வராது. ர, ட, ள, ழ ஆகியவையும் அப்படியே. உலகம், உரோமம், இராமன் என்று முன்னால் ஓர் உயிரெழுத்தைப் போட்டு எழுதியதெல்லாம் இதனால்தான். அந்தப் பட்டியல் வேறு மொழியின் ஒலிகளை வைத்துப் போட்டது, தமிழ் இலக்கணத்தோடு ஒத்துப்போகாது. அவளிடம் ஒன்றைப் பிடித்துக்கொள், இன்னொன்றை விட்டுவிடு என்றேன். எழுத்தை விட்டாள், குழந்தைக்கு நன்முல்லை என்று பெயர் வைத்தாள்.

பர்மாவிலும் இப்படி ஒரு கணக்கு உண்டு. அவர்களுக்கு நட்சத்திரத்துக்குப் பதில் கிழமை. எந்தக் கிழமையில் பிறந்தால் எந்த எழுத்து என்று பிரித்து வைத்திருக்கிறார்கள்.

"தாத்தா பேரையே பேரனுக்கு ஏன் வைக்கிறோம்?"

விடை அந்தச் சொல்லிலேயே இருக்கிறது. பேரன் என்பது பெயரன், அதாவது பெயரை உடையவன். பேர்த்தி, பேத்தி எல்லாம் அப்படி வந்தவைதான். தாத்தாவின் பெயரைச் சுமப்பவன் என்பதே ஓர் உறவுமுறைக்குப் பெயராகிவிட்டது என்றால் அந்த வழக்கம் எவ்வளவு பழையது, எவ்வளவு ஆழமானது என்று பாருங்கள். வகுப்பில் இதைச் சொல்லும்போதெல்லாம் எனக்கே உடம்பு சிலிர்க்கும்.

கிரேக்கர்களும் நம்மைப் போலத்தான். மூத்த மகனுக்கு அப்பாவைப் பெற்ற தாத்தாவின் பெயர் வைப்பது அங்கே பழங்காலத்திலிருந்து வருகிறது. யூதர்களுக்குள்ளேயே இரண்டு வழக்கம் உண்டு. ஸ்பெயின் வழி வந்த செஃபார்டி யூதர்கள் உயிரோடு இருக்கும் தாத்தா பாட்டி பெயரைப் பெருமையாக வைப்பார்கள். கிழக்கு ஐரோப்பா வழி வந்த அஷ்கெனாசி யூதர்கள் இறந்தவர் பெயரைத்தான் வைப்பார்கள், உயிரோடு இருப்பவர் பெயரைத் தொடமாட்டார்கள்.

சீனாவுக்குப் போனால் நிலைமை தலைகீழ். அங்கே பெரியவர் பெயரைப் பிள்ளைக்கு வைப்பது அவரை அவமதிப்பது. அரசர் பெயரில் உள்ள எழுத்தை யாரும் எழுதவும் கூடாது என்று தடையே இருந்தது. காங்சி பேரரசரின் இயற்பெயர் ஷுவான்யெ. அதில் உள்ள 'ஷுவான்' வந்துவிட்டது என்பதற்காக, பெய்ஜிங் அரண்மனையின் வடக்கு வாசலான 'ஷுவான்வு' வாயிலை 'ஷென்வு' வாயில் என்று மாற்றினார்கள். இன்றைக்கும் அந்த வாசலுக்கு அந்தப் பெயர்தான். பெரியவர் மேல் உள்ள மரியாதைதான் இரண்டு ஊரிலும் காரணம். நாம் அதனால் பெயரை வைத்தோம், அவர்கள் அதனாலேயே தவிர்த்தார்கள்.

"வீட்ல ஒரு பேரு, ஸ்கூல்ல ஒரு பேரு எதுக்கு?"

முந்தைய பதிலின் தொடர்ச்சிதான் இது. மாமனார் பெயரைப் பிள்ளைக்கு வைத்துவிட்டார்கள். மருமகள் அந்தப் பெயரை வாயால் சொல்லக்கூடாது. "டேய் ராமசாமி" என்று எப்படிக் கூப்பிடுவாள்? அதனால் ராசு, மணி, சின்னத்தம்பி என்று ஏதாவது ஒன்று வீட்டுப் பெயராகிவிடும். என் அப்பத்தா கடைசிவரை தாத்தாவின் பெயரைச் சொன்னதில்லை. ரேஷன் கடையில் கேட்டால் என் கையைக் கிள்ளுவார், நான் சொல்வேன்.

தாய்லாந்தில் ஏறக்குறைய எல்லோருக்கும் இரண்டு பெயர். பதிவில் இருப்பது நீளமான பாலி, சமஸ்கிருதப் பெயர். கூப்பிடுவதற்கு ஓரசை, ஈரசையில் இன்னொன்று.

"எங்க பாட்டி பேரு குப்பம்மாள். பெத்த பிள்ளைக்குப் போய் இப்படி யாராவது வைப்பாங்களா?"

பிரியம் அதிகமாக இருந்தவர்கள்தான் வைத்தார்கள். இந்தக் கேள்வியைக் கேட்கும் பிள்ளைகள் பெரும்பாலும் வெட்கத்தோடுதான் கேட்பார்கள். அதனால் இதை மட்டும் நிதானமாகச் சொல்வேன்.

பிறந்த பிள்ளைகள் வரிசையாகச் செத்துப்போன வீடுகள் அன்றைக்கு ஏராளம். அடுத்த பிள்ளை பிறந்ததும், இதையாவது காப்பாற்ற வேண்டுமே என்று குப்பைமேட்டில் கிடத்தி எடுப்பார்கள். எமனுக்கோ, கண் வைப்பவருக்கோ, இது யாரும் வேண்டாமென்று வீசிய பிள்ளை என்று தோன்ற வேண்டும். அப்படி எடுத்த பிள்ளைதான் குப்பன், குப்பாயி, குப்பம்மாள். சில வீடுகளில் பிள்ளையைப் பக்கத்து வீட்டம்மாவிடம் கொடுத்துவிட்டு, ஒரு படி தவிடு கொடுத்துத் திரும்ப வாங்குவார்கள். அது தவிட்டுக்கு வாங்கிய பிள்ளை, பெயர் தவிடன் அல்லது தவிட்டம்மாள். மூக்குக் குத்திவிட்டால் மூக்கன், மூக்கம்மாள். சாமியிடம் பிச்சையாகக் கேட்டு வாங்கியது என்றால் பிச்சை. கூகுள் நிறுவனத்தின் தலைவர் பெயரில் இருப்பதும் இந்தச் சொல்தான்.

மங்கோலியாவில் நெர்குய் என்று பெயர் உண்டு, 'பெயரில்லை' என்று பொருள். எனெபிஷ் என்றால் 'இது இல்லை', ஹுன்பிஷ் என்றால் 'மனிதன் இல்லை'. தேடி வரும் கெட்ட சக்தி ஏமாந்து திரும்பிப் போக வேண்டும். சீனக் கிராமங்களில் 'நாய் தின்னாமல் விட்டது' என்ற அர்த்தத்தில் கோஷெங் என்று பிள்ளையைக் கூப்பிடுவார்கள். நைஜீரியாவின் யொரூபா மக்கள் ஏமாற்றுவதற்குப் பதில் கெஞ்சுவார்கள். பிறந்து பிறந்து சாகும் பிள்ளைக்கு அங்கே அபிகு என்று பெயர். அப்படிப்பட்ட வீட்டில் அடுத்துப் பிறப்பதற்கு மாலோமோ என்று வைப்பார்கள், 'மறுபடி போய்விடாதே' என்று அர்த்தம். துரோஜாயே என்றால் 'இரு, இருந்து வாழ்ந்து பார்'. ஒருவரை ஒருவர் பார்த்தேயிராத தாய்மார்கள் இவர்கள். குப்பம்மாளின் அம்மா இவர்களோடு உட்கார்ந்திருந்தால் மொழிபெயர்ப்பே தேவைப்பட்டிருக்காது.

"அப்போ போதும்பொண்ணு, அதுவும் பாசத்துல வச்சதுதானா?"

இல்லை. முந்தைய பதிலில் உள்ள பெயர்கள் பிள்ளை இருக்க வேண்டும் என்று வைத்தவை. போதும்பொண்ணு, போதுமணி எல்லாம் இனிப் பெண் வேண்டாம், அடுத்தது ஆணாகப் பிறக்கட்டும் என்று வைத்தவை. சீனாவில் ஜாவ்தி என்று பெண்ணுக்குப் பெயர் உண்டு, 'தம்பியை அழைத்து வா' என்று பொருள். மகாராஷ்டிராவில் நகுஷா, 'வேண்டாதவள்'. 2011 அக்டோபரில் சதாரா மாவட்டத்தில் அந்தப் பெயர் கொண்ட 285 சிறுமிகளுக்கு அரசு விழா எடுத்துப் புதுப் பெயர் சூட்டியது. அந்தப் பெண்கள் தங்களுக்குப் பிடித்த பெயரைத் தேர்ந்தெடுத்து, சான்றிதழும் வாங்கிக்கொண்டார்கள். அதைப் பத்திரிகையில் படித்த அன்று எனக்கு அழுகை வந்துவிட்டது. பழைய வழக்கம் என்ற ஒரே காரணத்துக்காக இந்த வகைப் பெயர்களைக் காப்பாற்ற வேண்டியதில்லை.

"என் பேரு தமிழா, சமஸ்கிருதமான்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?"

ஜ, ஷ, ஸ, ஹ இருந்தால் வேற்றுமொழி என்று எல்லோரும் சொல்வார்கள். சரிதான், ஆனால் அந்த எழுத்துகள் இல்லாவிட்டால் தமிழ் என்று முடிவுகட்ட முடியாது. கமலா, மாலா, குமார் எல்லாம் சமஸ்கிருதம்தான். நட்சத்திர எழுத்துக் கேள்வியில் சொன்ன முதலெழுத்து விதியும் கொஞ்சம் உதவும். கயல்விழி, தேன்மொழி, மாறன், இளங்கோ, முருகன் ஆகியவற்றில் சந்தேகமே இல்லை, தமிழ்.

மீனாட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். பின்பாதியான அட்சி சமஸ்கிருதத்தின் கண். முன்பாதியான மீன், தமிழும் அதன் உடன்பிறந்த மொழிகளும் சமஸ்கிருதத்துக்குக் கொடுத்த சொல் என்று மொழி ஆராய்ச்சியாளர்கள் பலர் ஒப்புக்கொள்கிறார்கள். ஆக அது பாதி நம் வீட்டுச் சரக்கு. அதே பெயரின் முழுத் தமிழ் வடிவம்தான் அங்கயற்கண்ணி: அழகிய கயல்மீன் போன்ற கண்ணை உடையவள். சம்பந்தர் மதுரையைப் பாடும்போது அந்தப் பெயரைத்தான் சொல்கிறார்.

பெயரை மொழிபெயர்த்துக்கொண்டவர்களும் உண்டு. சூரியநாராயண சாஸ்திரி தன் பெயரைத் துண்டு துண்டாகத் தமிழாக்கினார். சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர். அவர்தான் பரிதிமாற் கலைஞர். வேதாசலத்தில் வேதம் மறை, அசலம் மலை. 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய மறைமலை அடிகள் அவர். இரண்டு பேரும் பழைய பெயரின் பொருளைக் கைவிடவில்லை, மொழியை மட்டும் மாற்றினார்கள். எனக்கு அந்த அக்கறை மிகவும் பிடிக்கும்.

"சின்னப்பன்னு சுத்தத் தமிழ்ப் பேரு. ஆனா கிறிஸ்டியன் பேருன்னு சொல்றாங்களே?"

இரண்டும் உண்மை. பவுல் என்ற பெயர் லத்தீனில் பாவுலுஸ், அதற்குச் சிறியவர் என்று பொருள். அதைத் தமிழ்க் கத்தோலிக்கர்கள் சின்னப்பர் என்று ஆக்கினார்கள். யோவான் என்பது எபிரேய மொழியில் 'ஆண்டவர் அருள் கூர்ந்தார்' என்பது, அதனால் அருளப்பர். வியாகுலமேரியும் ஸ்பெயின் நாட்டு டொலோரஸும் ஒன்று, இரண்டுமே துயருறும் மாதாவைக் குறிக்கும். மொழிபெயர்க்காமல் நாக்குக்கு ஏற்றபடி வளைத்துக்கொண்டதும் உண்டு. போர்த்துக்கீசியர்களின் ஜோசே நம் ஊரில் சூசை ஆனார்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது சவரிமுத்து. அதிலுள்ள சவரி, புனித சவேரியார். அவர் பிறந்த கோட்டை ஸ்பெயினின் நவார் பகுதியில் இருக்கிறது. அந்த ஊரின் பெயர் பாஸ்க் மொழியில் 'புது வீடு' என்ற சொற்களிலிருந்து வந்தது. முத்துக்குளித்துறைக் கடற்கரையில் ஒருவர் சவரிமுத்து என்று தன் பெயரைச் சொல்லும்போது, பாதி பாஸ்க், பாதி தமிழ்.

"ஜானும் இவானும் ஒரே பேருன்னு சொன்னீங்களாமே?"

சொன்னேன். மேலே வந்த அந்த யோவான்தான் ஊர் ஊராகப் போயிருக்கிறார். ஆங்கிலத்தில் ஜான், ரஷ்யாவில் இவான், ஸ்பெயினில் ஹுவான், இத்தாலியில் ஜியோவானி, ஜெர்மனியில் யோஹான், ஹான்ஸ், அயர்லாந்தில் ஷான். பைபிளில் வரும் திருமுழுக்கு யோவானைக் குர்ஆன் யஹ்யா என்கிறது. உங்கள் வகுப்பில் ஒரு ஜானும் ஓர் அருளப்பனும் ஒரு யஹ்யாவும் இருந்தால் மூவரும் நினைவுகூர்வது ஒரே பெயர் மரபைத்தான்.

"அப்துல்னு மட்டும் கூப்பிட்டா தப்பா?"

கோபித்துக்கொள்ளமாட்டார்கள், ஆனால் அது பாதியில் நிற்கும் பெயர். அப்து என்றால் அடியார், அல் என்பது அடுத்து வரும் சொல்லைச் சேர்ந்தது. அப்துல் ரஹ்மான் என்றால் அருளாளனின் அடியார். அப்துல் என்று நிறுத்தினால் 'இன்னாருடைய அடியார்' என்பதில் இன்னார் யார் என்பதே விட்டுப்போகிறது. ரஹ்மான் என்று மட்டும் சொன்னால் இறைவனின் திருநாமமாகிவிடும் என்று வருத்தப்படுபவர்களும் உண்டு. முழுதாகக் கூப்பிடுவது நல்லது, அல்லது எப்படிக் கூப்பிடட்டும் என்று அவரையே கேட்டுவிடுங்கள்.

"நமக்கு மட்டும் ஏன் குடும்பப் பேரு கிடையாது?"

'நமக்கு மட்டும்' என்பது சரியில்லை. ஐஸ்லாந்தில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் இல்லை, அப்பா பெயரோடு மகன், மகள் என்று சேர்த்துக்கொள்வார்கள். 1980இல் அந்த நாட்டின் அதிபரான விக்டிஸ் ஃபின்போகடோட்டிர், ஃபின்போகியின் மகள் விக்டிஸ். கல்யாணமானாலும் அது மாறாது. அம்மா பெயரைப் போட்டுக்கொள்வதும் உண்டு. தொலைபேசிப் பட்டியலில்கூட அவர்கள் சொந்தப் பெயரின் அகர வரிசையில்தான் இருப்பார்கள். பர்மாவிலும் குடும்பப் பெயர் இல்லை. ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த ஊ தாண்ட் பெயரில் தாண்ட் மட்டும்தான் பெயர், ஊ என்பது பெரியவரை மாமா, ஐயா என்று அழைப்பது போல.

நம் இனிஷியலும் இந்தக் குடும்பம்தான். சங்கப் புலவர் ஒருவரை மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்று குறித்திருக்கிறார்கள். முதலில் ஊர், பிறகு அப்பா, கடைசியில் தன் பெயர். ம.க.நக்கீரன் என்று எழுதினால் இன்றைய பதிவேட்டில் அப்படியே பொருந்தும். மலேசியத் தமிழர்களின் அடையாள அட்டையில் இருக்கும் ஏ/எல், ஏ/பி என்பவையும் இன்னார் மகன், இன்னார் மகள் என்பதன் மலாய்ச் சுருக்கம்தான்.

இடையில் சாதிப் பட்டம் பெயருக்குப் பின்னால் ஒட்டியிருந்தது. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாட்டில் அதை விட்டுவிடுவது என்று தீர்மானம் போட்டார்கள். பலர் விட்டார்கள். இன்றைக்கு ஒரு வகுப்பில் பெயர்களை வாசிக்கும்போது சாதியும் சேர்ந்து ஒலிக்காமல் இருக்கிறதே, அது தானாக வரவில்லை. குடும்பப் பெயர் இல்லாததை ஒரு குறையாக என்னால் நினைக்க முடியாததற்கு அதுவே காரணம். மற்ற பல நாடுகளிலும் அது ஒன்றும் ஆதிகாலத்து வழக்கமில்லை, அரசு உத்தரவு போட்டதால் வந்தது. ஜப்பானில் சாதாரண மக்களுக்கு 1875இல் கட்டாயமானது, தாய்லாந்தில் 1913இல் சட்டம் வந்தது, துருக்கியில் 1934இல்.

"பாஸ்போர்ட் ஃபார்ம்ல சர்நேம் கட்டத்துல எதைப் போடறது?"

எனக்கு வரும் போன்களில் பாதி இதற்குத்தான். இந்தியப் பாஸ்போர்ட்டில் இனிஷியல் போட முடியாது, விரித்து எழுத வேண்டும். சர்நேம் கட்டத்தைக் காலியாக விடலாம், அதற்குத் தடையில்லை. ஆனால் வெளிநாட்டில் சிக்கல் வரும். ஒற்றைப் பெயர்க்காரருக்கு அமெரிக்க விசாவில் அந்தப் பெயரைச் சர்நேம் இடத்தில் வைத்துவிட்டு, முதல் பெயர் இடத்தில் 'எஃப்என்யு' என்று அடிப்பார்கள், முதல் பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் ஒற்றைப் பெயரோடு சுற்றுலா விசாவில் வருபவர்களை அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. பாஸ்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் போதும் என்று பிறகு தெளிவுபடுத்தினார்கள்.

வெளிநாடு போகும் எண்ணம் இருந்தால் அப்பா பெயரைச் சர்நேமாகப் போட்டுவிடுங்கள் என்றுதான் சொல்வேன். பத்தாம் வகுப்புச் சான்றிதழ், ஆதார், பாஸ்போர்ட் மூன்றிலும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கட்டும். ஒரே ஒரு விஷயத்துக்குத் தயாராக இருங்கள்: அங்கே உங்களை அப்பா பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். உங்கள் பிள்ளைக்கும் அதே சர்நேமைத் தொடர்ந்தால் தாத்தா பெயர் குடும்பப் பெயராக உறைந்துவிடும். ஜானின் மகன் என்ற பொருளில் இருந்த ஜான்சன், ஒரு குடும்பப் பெயராக நின்றுபோனது இப்படித்தான். அதே காரியம் நம் வீடுகளில் இப்போது நடந்துகொண்டிருக்கிறது.

"வெளிநாட்டுக்காரங்க பேருல எது சொந்தப் பேருன்னு எப்படித் தெரியும்?"

ஊருக்கு ஊர் மாறும். சீனர், கொரியர் பெயர்களில் குடும்பப் பெயர் முதலில் வரும். ஷி ஜின்பிங்கில் ஷி குடும்பம், ஜின்பிங் அவர். ஸ்பானிய மொழிக்காரர்களுக்கு இரண்டு குடும்பப் பெயர். கப்ரியேல் கார்சியா மார்க்கேஸ் என்ற எழுத்தாளருக்குக் கார்சியா அப்பா வழி, மார்க்கேஸ் அம்மா வழி. நாம் மார்க்கேஸ் என்று மட்டும் சொல்லும்போது அப்பா வழிப் பெயரை விட்டுவிடுகிறோம். ரஷ்யர்களுக்கு நடுவில் இருப்பது அப்பா பெயர். லேவ் நிக்கலாயெவிச் டால்ஸ்டாய் என்றால் நிக்கலாயின் மகன் லேவ்.

"மாயா, நாதன்னு வெள்ளைக்காரங்களும் வச்சிருக்காங்க. நம்மகிட்டேருந்து போனதா?"

ஒலி ஒன்றாக இருப்பதை வைத்து முடிவுக்கு வரக்கூடாது. நாதன் நமக்குத் தலைவன். எபிரேய மொழியின் நாதானுக்கு 'அவர் கொடுத்தார்' என்று பொருள். இரண்டுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. மாயாவும் அப்படித்தான், எபிரேயத்தில் அதைத் தண்ணீர் என்ற சொல்லோடு சேர்த்துப் பார்க்கிறார்கள்.

உண்மையாகவே இங்கிருந்து போன பெயர்களைப் பார்க்க வேண்டுமென்றால் கிழக்கே திரும்ப வேண்டும். இந்தோனேசியாவின் முதல் அதிபர் சுகர்ணோவுக்குப் பிறந்தபோது வைத்த பெயர் குஸ்னோ. சிறு வயதில் உடம்பு சரியில்லாமல் போனதால் பெயரை மாற்றினார்கள். மகாபாரதக் கர்ணனோடு 'சு' சேர்த்து, நல்ல கர்ணன். அவர் மகள் மேகவதி சுகர்ணோபுத்ரி. புத்ரி என்பதற்கு நமக்கு அகராதியே வேண்டாம். தாய்லாந்து மன்னராக இருந்த பூமிபோல் அதுல்யதேஜ் பெயரில் பூமி, பலம், ஒப்பில்லாத தேஜஸ் என்று எல்லாமே நமக்குக் கேட்டுப் பழகிய சொற்கள்.

"ஸ்டாலின்னு வைக்கிறாங்களே, அதுக்கு என்ன அர்த்தம்?"

எஃகு என்பதற்கான ரஷ்யச் சொல்லிலிருந்து வந்தது. அதுவே புனைபெயர்தான், சோவியத் தலைவராக இருந்த ஸ்டாலினின் குடும்பப் பெயர் ஜுகாஷ்விலி. ஆனால் மு.க.ஸ்டாலினுக்கு அந்தப் பெயரை வைத்தபோது எஃகை நினைத்து வைக்கவில்லை. அவர் பிறந்தது 1953 மார்ச் 1, சோவியத் தலைவர் இறந்தது அதே மார்ச் 5. முதல் பதிலில் சொன்னேனே, ஏன் வைத்தார்கள் என்பது வேறு சங்கதி என்று. அதுதான் இங்கேயும்.

"நெட்ல போட்டிருக்கிற அர்த்தத்தை நம்பலாமா?"

சரிபார்க்காமல் நம்பாதீர்கள். அழகாக ஒலிக்கிறது என்று யாரோ கோத்த எழுத்துகளுக்கு 'தேவதை', 'வெற்றியாளன்' என்று போட்டுவிடுகிறார்கள். தமிழ்ப் பெயர் என்றால் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியில் தேடுங்கள், இணையத்திலேயே இருக்கிறது. சமஸ்கிருதம் என்றால் மோனியர் வில்லியம்ஸ் அகராதி. இரண்டிலும் இல்லை, வேறு மொழியும் தெரியவில்லை என்றால், அந்த அர்த்தத்தை நம்பி வைக்காதீர்கள். ஒலி பிடித்திருக்கிறது என்று வைத்தால் அது வேறு, அதில் தவறில்லை.

பிரிக்கும்போதும் கவனம் தேவை. மாசி மாதம் பிறந்ததால் மாசிலாமணி என்று ஒருவர் என்னிடம் உறுதியாகச் சொன்னார். அது மாசு இலா மணி, குற்றமில்லாத மணி. திருமுல்லைவாயில் கோயிலில் இருக்கும் ஈசனின் பெயர். சொன்னதும் மனிதருக்கு அவ்வளவு சந்தோஷம்.

"எனக்கு என் பேரே பிடிக்கல. மாத்திக்கலாமா டீச்சர்?"

மாற்றலாம். தமிழ்நாடு அரசிதழில் வெளியிட்டு மாற்றிக்கொள்ள வழி இருக்கிறது. அந்த அரசிதழ்ப் பிரதியைக் காட்டித்தான் மற்ற ஆவணங்களில் மாற்ற வேண்டும், அதனால் வேலைக்கும் மேல்படிப்புக்கும் முன்பே செய்துவிடுவது நல்லது. போதும்பொண்ணு கேள்வியில் சொன்ன வகைப் பெயர் என்றால் யோசிக்கவே வேண்டாம்.

குப்பம்மாள் கேள்வியில் சொன்ன வகை என்றால், மனுவில் கையெழுத்துப் போடும் முன் ஒரு தடவை ஊருக்குப் போய்விட்டு வாருங்கள். மூக்கம்மாள் என்ற பெண் பன்னிரண்டாம் வகுப்பு முடித்ததும் பெயரை மாற்ற என்னிடம் ஆலோசனை கேட்டு வந்தாள். பாட்டியைக் கேட்டுவிட்டு வா என்று அனுப்பினேன். இரண்டு வாரம் கழித்து வந்தாள். தனக்கு முன்னால் மூன்று பேர் பிறந்து தங்கவில்லை என்பது அதுவரை அவளுக்குத் தெரியாது. பிறந்த பதினோராம் நாள் குத்திய அந்தச் சின்ன வெள்ளி வளையத்தைப் பாட்டி மஞ்சள் துணியில் முடிந்து அரிசிப் பானைக்குள் வைத்திருந்தாராம். அதைக் கொண்டுவந்து என் மேஜையில் வைத்துக் காட்டினாள். மனுவைப் பற்றி அன்று அவள் பேசவில்லை, நானும் கேட்கவில்லை.